தமிழ் போன பிறகு நீ பேசிய மொழி

அலமாரியைத் துடைக்கும்போது தைலப் பாட்டில் கையில் பட்டது. உன் வலது கைக்குத் தேய்த்துவிட வாங்கியது. அடியில் கொஞ்சம் மிச்சம் இருந்தது. மூடியைத் திறந்ததும் கற்பூர வாடை முகத்தில் அடித்தது. அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டேன். பிரஸ்ஸில் காலண்டர் சீசன். ஆர்டர் குவிந்து கிடக்கிறது, எழுந்து போக வேண்டும். உடம்பு கேட்கவில்லை. நீ போன பிறகு இப்படித்தான் இருக்கிறது. தூங்கி எழுந்தாலும் அலுப்பு தீர்வதில்லை.

விருதுநகரில் நாம் ஒரே பெஞ்சில் படித்தோம். நான் கல்யாணமாகித் திருத்தங்கலுக்கு வந்து, பிரஸ்ஸில் கம்ப்யூட்டர் முன்னால் உட்கார்ந்து பட்டாசு லேபிளும் கல்யாணப் பத்திரிகையும் அடித்துக்கொண்டிருந்தேன். நீ உங்கள் சபை மூலமாக வடக்கே ஒரு மலைக்கு ஊழியத்துக்குப் போனாய். அந்த ஜனங்களின் மொழிக்கு எழுத்தே கிடையாது. "மதம் மாத்தத்தான போற?" என்று கேட்டேன். "அவுக பேசுறது மொதல்ல வெளங்கட்டும் புள்ள," என்றாய்.

விளங்கப் பல வருஷம் ஆனது. சோமி என்ற பெண்ணின் வீட்டில் தங்கி, கண்ணில் பட்டதையெல்லாம் விரலால் காட்டி, "இது என்ன?" என்று கேட்டுக் கேட்டு எழுதியிருக்கிறாய். ஒரு தடவை லீவில் வந்தபோது சொல்லிச் சிரித்தாய்: "பானையக் காட்டிக் கேட்டேன், அவ ஒண்ணு சொன்னா. அதான் பானைன்னு எழுதிக்கிட்டேன். ஒரு மழைக்காலம் பூரா அப்படியே சொல்லிக்கிட்டுத் திரிஞ்சிருக்கேன். கடைசியில பாத்தா, 'தொடாத'ன்னு சொல்லியிருக்கா!"

இந்தப் பக்கம் கப்பலேறி வந்த வெள்ளைக்காரப் பாதிரிமார்கள் தமிழ் படித்ததும் இப்படித்தான் என்பாய். மொழி சொல்லித்தரும் முன்ஷி ஒருவரை எதிரே உட்கார வைத்துக்கொண்டு, சொல்லைக் கேட்டு, தங்கள் எழுத்தில் குறித்து, மறுநாள் கடைத்தெருவில் பேசிப் பார்ப்பார்களாம். கேட்டவர்கள் சிரித்தால், எழுதியதை அடித்துத் திருத்துவார்களாம். 'ழ' அவர்களைப் படுத்தி எடுத்திருக்கும். ஆயுசெல்லாம் அகராதிக்குச் சேர்த்துவிட்டு, அச்சில் பார்க்காமலே செத்தவர்களும் உண்டு. நீ அவர்களைத் தலையில் தூக்கிவைத்து ஆடவில்லை. "நம்மள மாத்தணும்னு வந்தவுகதான். ஆனா அதுக்கு நம்ம கிட்ட உக்காந்து கேக்க வேண்டியிருந்துச்சுல்லா? சொல்லிக்குடுத்தவுக பேரு அட்டையில வரல, அதான் எனக்கு ஆத்தாமை," என்றாய்.

அடிக்கடி வந்த காய்ச்சலில் உடம்பு தளர்ந்து நீ இந்தப் பக்கமே திரும்பினாய். திருத்தங்கலில் என் வீட்டுக்குப் பக்கத்திலேயே குடியிருந்த உன் தம்பி வீட்டில் இருந்துகொண்டு அகராதி வேலையைத் தொடங்கினாய். உனக்கு அடுத்து இங்கிருந்து மலைக்கு ஊழியத்துக்குப் போகிற பிள்ளைகளுக்காக, அந்த மொழிச் சொற்களைத் தமிழ் எழுத்தில் எழுதி, எதிரே தமிழில் அர்த்தம். பிரஸ்ஸில் வேலை குறைந்த மாதங்களில் நீ பக்கத்தில் உட்கார்ந்து வாசிப்பாய், நான் அடிப்பேன். அட்டையில் உன் பேருக்கு மேலே சோமியின் பேர். அர்த்தம் தெரியாமலே அந்த ஓசைகள் என் காதில் ஏறின.

புத்தகம் வந்த மறு வருஷம் உன் தம்பி போன் பண்ணினான். "அக்காவுக்கு வாதம் அடிச்சிருச்சு. என்னமோ உளறுது, ஒண்ணும் வெளங்கல. கொஞ்சம் வந்து பாக்கீகளாக்கா?"

ஆஸ்பத்திரியிலிருந்து வீட்டுக்குக் கொண்டுவந்திருந்தார்கள். என்னை நீ பார்த்த பார்வையில் பழக்கம் எதுவும் இல்லை. நான் சொன்ன எதுவும் உனக்கு எட்டவும் இல்லை. "லும்மா, லும்மா" என்று திரும்பத் திரும்பச் சொன்னாய். "அம்மாவத் தேடுதா. அவுகதான் செத்துப் போயிட்டாகளே," என்று தம்பி பெண்டாட்டி கண்ணைத் துடைத்தாள். எனக்கு அது அம்மா என்று படவில்லை. நான் அடித்த சொல் அது. வீட்டுக்கு ஓடிப்போய் அகராதியை எடுத்துவந்து புரட்டினேன். 'லும்மா: வெயிலை மறை.'

மேற்குப் பக்கத்து ஜன்னல் வெயில் நேராக உன் முகத்தில் விழுந்துகொண்டிருந்தது. நம்ம ஊர் வெயில். எத்தனை சாயங்காலம் அதைத் தாங்கினாயோ. சேலை ஒன்றை எடுத்து ஜன்னலில் கட்டினேன். நீ கண்ணை மூடிப் பெருமூச்சு விட்டாய்.

மூளையில் அடிபட்டால் சிலருக்குத் தாய்மொழி போய், பின்னால் படித்த மொழி மட்டும் தங்கிவிடும் என்று டாக்டர் சொன்னார். அதன்பிறகு வேலை முடிந்ததும் அகராதியோடு உன் கட்டிலுக்கு வந்துவிடுவேன். கஞ்சி ஊட்டி, துணி மாற்றி, கையைத் தேய்த்துவிட்டு, நடுநடுவே பக்கம் புரட்டினேன். என் வீட்டில் முகம் சுளித்தார்கள். நான் அப்படியே பாயில் விழுந்து தூங்கிப்போவேன்.

அகராதியிலும் பிடிபடாத ஒன்று இருந்தது. டம்ளரைத் தொட்டு வேகமாக ஏதோ சொல்லிவிட்டு என் முகத்தையே பார்ப்பாய். பிறகு தலையணை, பிறகு என் வளையல். நீ எனக்கு உன் மொழியைச் சொல்லித் தருகிறாய் என்று நினைத்து, நீ சொன்னதையே திருப்பிச் சொல்வேன். நீ எரிச்சலோடு தலையை ஆட்டுவாய்.

உன் சபைக்காரர்களிடம் சோமியின் நம்பரை வாங்கினேன். அவளுக்கு இந்தி வரும், எனக்கு வராது. எங்கள் பிரஸ்ஸில் லோடு ஏற்றுகிற வடநாட்டுக்காரர் முகேஷைக் கையோடு கூட்டிவந்தேன். வீடியோவில் சோமியின் நரைத்த தலையைப் பார்த்ததும் நீ அழுதாய், சிரித்தாய், மூச்சுவிடாமல் பேசினாய். அவள் இந்தியில் சொல்ல, முகேஷ் எனக்குச் சொன்னார்.

"அக்கா, இவங்க சொல்லுது, புது ஊருக்கு வந்திருக்கு. இங்க ஒரு பொம்பள நல்லா பாக்குது. ஆனா அதோட பாஷை இவங்களுக்குத் தெரியல. டம்ளர் காட்டி, தலையணை காட்டி, உங்க பாஷையில இது என்னன்னு டெய்லி கேக்குது. நீங்க சொல்லவே மாட்டேங்குது."

உன் தம்பி எழுந்து வெளியே போய்விட்டான். நீ டம்ளரைத் தொட்டு மறுபடியும் என்னைப் பார்த்தாய்.

"டம்ளர்," என்றேன்.

"டம்ளர்," என்றாய். முகத்தில் அம்புட்டு சந்தோஷம்.

அன்றிலிருந்து நீ தமிழ் படித்தாய். கஞ்சி, ஜன்னல், பல்லி, தலைவலி. 'ழ' உனக்கு வரவில்லை. மழையை 'மளை' என்றாய். நம்மூரில் பாதிப் பேர் அப்படித்தான் சொல்கிறார்கள், இருக்கட்டும் என்று விட்டுவிட்டேன். ஒருநாள் என்னைத் தொட்டுக் கேட்டாய். என் பேரைச் சொன்னேன். பேரல்ல என்பதுபோல் கையை ஆட்டினாய். "கூட்டாளி," என்றேன். அதை நீ மெதுவாக, எழுத்தெழுத்தாகச் சொல்லிப் பார்த்தாய்.

ஒரு வாக்கியம் கூடிவருமுன் இரண்டாம் தடவை வாதம் அடித்தது. கல்லறைத் தோட்டத்தில் உங்கள் சபைப் பாதிரி ஐயர் தமிழில் ஜெபித்தார், எல்லோரும் மண் போட்டார்கள். எனக்கு ஜெபம் தெரியாது. உன் மொழியில் எனக்குத் தெரிந்திருந்த சொற்களை மட்டும் ஒவ்வொன்றாகச் சொன்னேன். பக்கத்தில் நின்றவர்கள் விலகி நின்றார்கள்.

இந்த ஊரில் அந்தச் சொற்களைப் பேச எனக்கு வேறு ஆள் இல்லை. சோமி மட்டும் அவ்வப்போது கூப்பிடுகிறாள். முகேஷை இப்போது கூப்பிடுவதில்லை. அவள் நிறுத்தி நிறுத்திப் பேசுவாள், நான் மடியில் உன் அகராதியை வைத்துக்கொண்டு தேடித் தேடிப் பதில் சொல்வேன். மழையா என்பாள், சாப்பிட்டாயா என்பாள். அதற்கு மேல் பேச்சு போகாது. இருந்தாலும் இருவரும் போனை வைப்பதில்லை.

நேற்று அவள், ரொம்ப அலுப்பாக இருக்கிறதா என்று கேட்டாள். ஆமாம் என்று சொல்ல எனக்குப் புத்தகத்தைப் பார்க்க வேண்டியிருக்கவில்லை.