பூக்கட்டிப் பார்த்தது

பகாவ், மலேசியா,
வியாழக்கிழமை காலை

அன்பு மகள் மாதவிக்கு அம்மா எழுதுவது. இங்கே நானும் அப்பாவும் உடம்புக்கு ஒரு குறையும் இல்லாமல் இருக்கிறோம், அங்கே நீயும் மோகனா சித்தியும் சுகமாக இருக்க மாரியம்மனைக் கும்பிடுகிறேன். இதைத் தாளில் எழுதி, அப்பாவிடம் கொடுத்து, தாளைப் படம் பிடித்து உன் போனுக்கு அனுப்பச் சொல்லப் போகிறேன். பேசினால் அழுதுவிடுவேன், அழுதால் பாதியை விழுங்கிவிடுவேன், அதனால்தான். அண்ணன் வசந்தன் செம்பனைக் குலை ஏற்றும் லோரி ஓட்டுவதை விட்டுவிட்டுச் சிரம்பானில் வேலைக்குப் போகிறான். போன வார மழையில் எஸ்டேட் பாதை உடைந்துபோய், கோயிலுக்குச் சேற்றில்தான் நடந்து போனேன். அந்தக் கோயில் விஷயத்தைத்தான் எழுத உட்கார்ந்தேன், எங்கெங்கோ சுற்றிக்கொண்டிருக்கிறேன் பார்.

வருஷா வருஷம் அந்த வருஷத்து முதல் பனிச்சறுக்குப் போட்டிக்கு முன்னால் பூக்கட்டிப் பாரும்மா என்று கேட்பாய். ஒரு பொட்டலத்தில் வெள்ளைப் பூ, ஒன்றில் சிவப்பு, பூசாரி இராஜமாணிக்கம் கண்ணை மூடி ஒன்றை எடுப்பார். வெள்ளை வந்தால் நீ பனிமலையிலிருந்து சறுக்கி இறங்குவாய். இரண்டு வருஷம் சிவப்பு வந்தது, பயிற்சியாளர் எவ்வளவு கத்தியும் அந்த முதல் போட்டியில் நீ இறங்கவில்லை. போன வருஷம் வெள்ளை வந்தது, இறங்கினாய், முழங்கால் ஜவ்வு கிழிந்து ஹெலிகாப்டரில் தூக்கிக்கொண்டு போனார்கள். உலக சாம்பியன் என்று மெடல் வாங்கிய என் பிள்ளை துணிமூட்டை மாதிரிப் பனியில் கிடந்ததை டிவியில் பார்த்தவள் நான். இந்தச் சனிக்கிழமை மறுபடி அதே சரிவு என்றாய். டாக்டர் கால் தேறிவிட்டது என்கிறார், நீயும் இறங்கத் துடிக்கிறாய். செவ்வாய்க்கிழமை கோயிலுக்குக் கிளம்புமுன் இரண்டு பொட்டலத்திலும் செம்பருத்தியையே வைத்து மடித்தேன். ஆமாம்மா, இரண்டிலும் சிவப்பு.

சிவப்பு வந்துவிட்டது என்று உனக்குப் போன் போட்டேன். சரிம்மா, நான் பேர் கொடுக்கல என்றாய். அன்றைக்கு எனக்கு நன்றாகச் சோறு இறங்கியது, எவ்வளவு கேவலம் பார். ஆனால் முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைக்க முடியுமா? நேற்றுக் கோயிலைக் கூட்டப் போன அப்பா மீதிப் பொட்டலத்தைப் பிரித்திருக்கிறார். வாடிய பூவைக் கொண்டுவந்து மேசையில் வைத்துவிட்டுக் குளிக்கப் போய்விட்டார். திட்டியிருந்தால் நானும் நாலு வார்த்தை திருப்பிப் பேசியிருப்பேன். சாப்பிடும்போதுதான், புள்ள பதினாறு வருசம் பாடுபட்டுச்சி, நீ ஒரு பூவுல முடிச்சிட்டியே லா என்றார். அதற்கு மேல் என்னால் சாப்பிட முடியவில்லை.

ஒன்பது வயதில் உன்னைச் சித்தியோடு அவள் இருக்கும் குளிர் நாட்டுக்கு விமானம் ஏற்றினோம். அவளுக்குப் பிள்ளை இல்லை, இங்கே நமக்கு அவ்வளவு கஷ்டம். அன்றைக்கு நான் பூக்கட்டிப் பார்க்கவில்லை, சிவப்பு வந்துவிடுமோ என்று பயம். பள்ளிக்கூடத்தில் பனியில் சறுக்கப் பழகுகிறேன் என்று நீ சொன்னபோது, ரப்பர் காட்டுப் பிள்ளைக்கு இது தேவையா என்று சிரித்தேன். எல்லாவற்றையும் நீயேதான் கற்றாய், விழுந்ததும் எழுந்ததும் நீயேதான், பக்கத்தில் நான் இல்லை. இப்போது மட்டும் குறுக்கே வந்து நிற்கிறேன். ஒழுங்காக இன்னொரு தடவை கட்டிப் பார் என்கிறார் அப்பா. நான் மாட்டேன், என் கை மடித்த பொட்டலத்தை இனி நானே நம்ப மாட்டேன். மாதவி, போகாதே என்று சாமி சொல்லவில்லை, நான்தான் சொன்னேன். இப்போதும் சொல்கிறேன், போகாதே, எனக்குப் பயமாக இருக்கிறது. ஆனால் சாமி சொன்னால்தான் நீ மீற மாட்டாய். பெற்றவள் சொன்னதை மீறலாம், தப்பில்லை.

நாளைச் சாயங்காலத்துக்குள் பேர் கொடுக்கணும் என்றாயே, முதலில் பயிற்சியாளரைக் கூப்பிட்டுப் பேசு, என்னைத் திட்டுவதைப் பிறகு வைத்துக்கொள். இறங்கினாலும் இறங்காவிட்டாலும் கை காலோடு நூறு வயது நன்றாக இரு. முழங்கால் பட்டையை மறந்துவிடாதே.

உன்னிடம் பொய் சொன்ன அம்மா,
பஞ்சாலை அர்ச்சுனன்