கண்டியில் ஏது பீச், மச்சான்?

ஸ்டியரிங்கை விட்டுவிட்டு, சொல்லாமல் கொள்ளாமல் இறங்கிப்போன என் அருமை மச்சானுக்கு,

நான் அப்போதே சொன்னேனா இல்லையா? உங்கள் மகள் தர்ஷினி தொட்டிலில் கிடக்கும்போதே, "இந்தப் புள்ள கல்யாணத்துல சாரியாலதான் சண்டை வரும்" என்று சொன்னேன். நீங்கள் சிரித்தீர்கள். சண்டை வந்தது மச்சான். நான் சொன்னதற்கு இருந்த ஒரே சாட்சி நீங்கள்தான். அக்காவைக் கேட்டால் "நீ எப்படா சொன்ன?" என்கிறாள்.

கல்யாணம் நல்லபடியாக முடிந்துவிட்டது. அதை முதலில் சொல்லிவிடுகிறேன், பயப்படாதீர்கள். மாப்பிள்ளை கடுகண்ணாவைப் பையன், கண்டியில் ஒரு வங்கியில் வேலை. வங்கியையே அவர்தான் நடத்துகிறார் என்று எங்கள் ஆட்டோ ஸ்டாண்டில் சொல்லி வைத்திருக்கிறேன். கவுண்டரில்தான் இருக்கிறார். ஆனால் நடுக் கவுண்டர்.

கல்யாணத்துக்கு முன்னால் நடந்ததுதான் எனக்கு இன்றுவரை சரியாக விளங்கவில்லை. உங்கள் கல்யாணத்துக்கு என்ன செய்தோம்? பரிசம் போட்டோம், நலங்கு வைத்தோம், முடிந்தது. இரண்டுக்கும் அக்கா ஒரே சாரியைத்தான் கட்டினாள். இப்போது பிரீ-ஷூட் என்று ஒன்று இருக்கிறது. பேராதெனிய தோட்டத்தில் மரத்துக்கு மரம் நின்று படம் பிடிப்பது, அதற்குக் கவுன். மெஹந்திக்குப் பச்சை. ஹல்தி என்று இன்னொன்று. விசாரித்தால், நம்முடைய மஞ்சள் பூசுவதுதான். அதற்கு மஞ்சள் உடுப்பாம். மஞ்சள் உடுப்பில் மஞ்சள் பூசினால், பூசியது எப்படி மச்சான் தெரியும்? உங்களுக்காவது விளங்குகிறதா?

எல்லாவற்றுக்கும் உடுப்பு முடிவாகி, நலங்கு மட்டும் இழுபட்டது. நம் பக்கத்தில் நலங்குச் சாரி தாய்மாமன் எடுப்பது. அவர்கள் பக்கத்தில் மாப்பிள்ளை வீடு எடுப்பதாம். இருந்தாலும் பார்த்து வைப்போம் என்று அக்காவையும் தர்ஷியையும் கண்டியில் ஒரு துணிக்கடைக்குக் கூட்டிப் போனேன். கடைக்காரர் என்னைக் கண்டதும் உட்காரக் கதிரை போட்டு சோடா உடைத்தார். சரி, கதிரை மட்டும்தான் போட்டார். தர்ஷியின் கை ஒரு கத்தரிப்பூக் கலர் சாரிக்கே போய்ப் போய் வந்தது. வேறு எதையோ விரித்துக் காட்டும்போதும் அதன் ஓரத்தை விரலால் பிடித்துக்கொண்டிருந்தாள்.

"அவங்க வீட்ல என்னா சொல்றாங்கன்னு கேட்டுட்டு எடுப்போம்டி" என்றாள் அக்கா. தர்ஷி உடனே கையை எடுத்துவிட்டாள்.

அன்று சாயங்காலமே மாப்பிள்ளையின் அம்மா அக்காவின் போனுக்கு மெசேஜ் அனுப்பியிருந்தார். அக்காவிடம் கண்ணாடி இல்லை. படித்தது நான்தான். எட்டாம் வகுப்புவரைதான் போனேன் என்றாலும் தமிழில் என்னை யாரும் அசைக்க முடியாது. சுத்தமான தமிழ் எழுத்தில் இருந்தது: "நலங்குக்குப் பொண்ணுக்கு பீச். நாங்க எல்லாரும் பீச்லதான் வருவோம்."

"பீச்சா? கடற்கரைக்குப் போட்டுட்டுப் போவாங்களே, அந்த உடுப்பா? குட்டைப் பாவாடையாடா?" என்றாள் அக்கா.

"அதுக்கும் கொறச்சல்க்கா."

வெள்ளைக்காரர்களைக் கடலோரத்தில் நான் கண்ணால் கண்டவன் அல்லவா? கண்டதையும் சொன்னேன், காணாததையும் சேர்த்துச் சொன்னேன். அக்கா சுவரைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்துவிட்டாள். ஆட்டோ ஸ்டாண்டிலோ, நலங்கு கடற்கரையில் என்று செய்தி பரவி, வேனில் தங்களுக்கும் இடம் பிடித்து வைக்கச் சொன்னார்கள். கண்டியில் வாவி இருக்கிறது, மகாவலி ஆறு இருக்கிறது. பீச்சுக்கு எங்கே போவது?

மறுநாள் அக்காவை ஏற்றிக்கொண்டு, வேலை முடிந்து பஸ்ஸுக்கு நின்ற தர்ஷியையும் வழியில் ஏற்றிக்கொண்டு கடுகண்ணாவைக்குப் பறந்தேன். "எதுக்கு மாமா போறோம்?" என்று அவள் பின்னால் இருந்து கத்தியது ஆட்டோ சத்தத்தில் எனக்கு விழவில்லை. விழுந்திருந்தால் பாதி மானமாவது மிஞ்சியிருக்கும்.

வாசலிலேயே ஆரம்பித்துவிட்டேன். "சம்பந்தியம்மா! கல்யாணம் நின்னாலும் பரவாயில்ல. எங்க பொண்ணு கடல்ல குளிக்கப் போறவ மாதிரி உடுத்திக்கிட்டு மணையில உட்கார மாட்டா!"

"யாருண்ணே கடல்ல குளிக்கப் போறா?"

"நீங்கதானே பீச்சுன்னு அனுப்பினீங்க?"

தர்ஷி தலையில் கை வைத்துக்கொண்டாள். "மாமா, அது பழம். பீச்னு ஒரு பழம் இருக்கு. அந்தக் கலரைச் சொல்றாங்க."

அந்த வீடே சிரித்தது. மாப்பிள்ளை அடுப்படிக்குள் போய்ச் சிரித்தார். கண்டி மார்க்கெட்டில் ரம்புட்டான் இருக்கிறது, தூரியன் இருக்கிறது. யாரும் பார்க்காத பழத்தின் நிறத்தில் எதற்கு மச்சான் சாரி? சம்பந்தியம்மா அலுமாரியைத் திறந்து எடுத்து வந்தார். பால் கூடிப்போன தேத்தண்ணி நிறம். தர்ஷியின் தோளில் போட்டுப் பார்த்து, "இந்தக் கலர்னா பிள்ள கொஞ்சம் வெளுப்பாத் தெரிவா" என்றார். கெட்ட எண்ணத்தில் சொல்லவில்லை. நல்லது செய்கிற முகத்தோடுதான் சொன்னார்.

தர்ஷி உங்கள் நிறம் என்று உங்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. "நல்லாருக்கு ஆன்ட்டி" என்றாள். சின்ன வயதில் கசாயம் குடித்துவிட்டு "இனிக்குது" என்று சொல்வாளே, அதே குரல். கண் தரையில் இருந்தது. அக்கா என் தொடையைக் கிள்ளினாள், வாயை மூடு என்று. ஏற்கனவே சிரிப்பாய்ச் சிரித்த வீடு. இனி நான் பேசினால் யார் கேட்பார்கள்? அந்த ஒரு சாரியைக் கட்டிவிட்டால் அப்புறம் காலமெல்லாம் அவள் அந்த வீட்டில் "நல்லாருக்கு ஆன்ட்டி" என்றே சொல்லிக்கொண்டிருப்பாளோ என்று எனக்குத் தோன்றியது.

அப்போதுதான் மச்சான், உங்களைக் கூப்பிட்டேன்.

"சம்பந்தியம்மா, ஒண்ணு சொல்லணும். மச்சான் கடைசியா ஆஸ்பத்திரியில கிடந்தப்போ என் கையைப் புடிச்சாரு. வெளியில அடைமழை. 'மச்சினா, எம்மக நலங்குக்குக் கத்தரிப்பூக் கலர் கட்டணும். எங் கலருக்கு அதுதான் எடுப்பு, அவளும் எங் கலருதானே'ன்னாரு. பக்கத்துல நின்ன நர்ஸம்மாவே கண்ணைத் துடைச்சாங்க."

யாரும் சிரிக்கவில்லை. தர்ஷி நிமிர்ந்து என்னையே பார்த்தாள். சம்பந்தியம்மா பீச்சை மெதுவாக மடித்தார். "அப்பா ஆசைன்னா அதுக்கு மேல பேச நான் யாரு? இதை நானே கட்டிக்கிறேன்" என்றார். நல்ல மனுசி, மச்சான்.

நலங்கு அன்றைக்கு நீங்கள் இருந்து பார்த்திருக்க வேண்டும். கத்தரிப்பூச் சாரியில், கன்னத்தில் மஞ்சளோடு, நிமிர்ந்து உட்கார்ந்திருந்தாள். கட்டுகஸ்தோட்டையிலிருந்துகூட ஆட்கள் பார்க்க வந்தார்கள் என்று எழுத ஆசைதான். வந்தது நம் ஆட்கள் மட்டும்தான், ஆனால் எல்லாரும் பார்த்தார்கள். சம்பந்தியம்மா பழக் கலரில் என் முன்னால் வந்து நின்று, "அண்ணே, பீச் வந்திருச்சு. குளிக்கிறவங்க குளிக்கலாம்" என்றார். ஆட்டோ ஸ்டாண்டில் இன்னும் எனக்கு "பீச்"தான் பட்டப்பெயர்.

நான் மஞ்சள் பூசக் குனிந்தபோது தர்ஷி என் கையைப் பிடித்துக்கொண்டு காதில் கேட்டாள். "மாமா, அப்பா வேற என்னா சொன்னாரு?"

பேச்சில் என்னை மிஞ்ச இந்தக் கண்டியில் ஆள் உண்டா? வாய் திறந்தால் வந்துகொண்டே இருக்குமே. அன்றைக்கு ஒன்றும் வரவில்லை. "அப்புறம் சொல்றேன்டா" என்று எழுந்துவிட்டேன். இப்போது கடுகண்ணாவையிலிருந்து போன் எடுக்கும்போதெல்லாம் அதையே கேட்கிறாள். இன்னொன்றைச் சேர்த்துச் சொல்வதா, சொன்னதைத் திருப்பி எடுப்பதா? அவள் முகத்தைப் பார்த்துச் சொல்ல வரவில்லை. உங்களுக்கு எழுதி அவள் கையில் கொடுத்தால் அவளும் படிப்பாள் என்றுதான் எழுதுகிறேன்.

கத்தரிப்பூ நீங்கள் சொன்னதில்லை, மச்சான். கடையில் அவள் விரல் பிடித்திருந்ததைப் பார்த்து நான் சொன்னது. மழையும் இல்லை, நர்ஸம்மா அழவும் இல்லை. உங்களுக்கு எந்தக் காலத்தில் சாரியின் நிறம் தெரிந்தது? அக்கா எதைக் கட்டினாலும் "அந்தச் சாரி"தானே? அன்றைக்கு ஆஸ்பத்திரியில் நீங்கள் கேட்டது, நுவரெலியா ஓட்டத்தில் பஸ்ஸை நிறுத்தித் தின்பீர்களே, அந்தப் புசல்லாவைக் கடை முட்டை ரொட்டி. "பாதி எனக்கு, பாதி பாப்பாவுக்கு" என்றீர்கள். அவ்வளவுதான் சொன்னது. இதில் நான் ஒரு எழுத்தும் சேர்க்கவில்லை.

வருகிற திவசத்துக்கு, ஐயர் எழுந்து போனதும், உங்கள் பாதியை இலையில் வைக்கிறேன். மற்றப் பாதியைச் சூடு ஆறுவதற்குள் கடுகண்ணாவையில் அவள் கையில் கொடுப்பேன். என் ஆட்டோவின் வேகம் உங்களுக்குத் தெரியும்தானே.

அக்காவோடு சேர்த்து உங்கள் தலையில் கட்டப்பட்ட மச்சினன்,
தர்ஷியின் தாய்மாமன்