அத்தை கட்டிலுக்கு எதிரே ஒரு கண்ணாடி

ஜூன் 3, செவ்வாய். சத்தியவேடு

காலையிலிருந்தே வெயில். இரண்டு மணி நேரம் கரண்டு இல்லை.

செய்ய வேண்டியது: அத்தையின் விரிப்பு துவைக்க. பாப்பா ஸ்கூல் பையில் ஜிப். கொசு மருந்து.

இவர் ஸ்ரீ சிட்டி கம்பெனியிலிருந்து ஷிப்டு முடிந்து வரும்போது ஆட்டோவில் ஆளுயரக் கண்ணாடி. கூட வேலை செய்பவர் திருப்பதியில் வீடு காலி செய்தாராம், சும்மா கொடுத்தாராம். வைக்க இடமில்லை. அத்தை கட்டிலுக்கு எதிர்ச் சுவரில் மாட்டினோம். அத்தைக்கு, இவர் அம்மாவுக்கு, பக்கவாதத்தில் வலது பக்கம் விழுந்து மூன்று வருடம். நான் கம்பெனி வேலையை விட்டும் மூன்று வருடம்.

சாயந்திரம் பாப்பாவுக்குத் தலை பின்னும்போது கண்ணாடியைப் பார்த்துச் சிரித்தேன். அதில் நான் சிரிக்கவில்லை.

"பாப்பா, அம்மா மூஞ்சி எப்படிக் கீது?"

"எப்பவும் போலதான் கீது."

பழைய கண்ணாடி. ரசம் போயிருக்கும்.

ஜூன் 4, புதன்

இவர் அதன் முன் ஷேவ் செய்யத் தொடங்கினார். பாதியில் நிறுத்தி, முகத்தில் நுரையோடு வெளியே போய் பைக் கண்ணாடியில் முடித்தார்.

"இன்னாச்சிங்க?"

"வெளிச்சம் பத்தல."

ஜன்னல் முழுக்க வெயில்.

எதிர்வீட்டு அக்கா மோர் கொண்டுவந்தது. "பெத்த பொண்ணுகூட உன்ன மாதிரி பாத்துக்காதுமா." எல்லோரும் சொல்வதுதான். கேட்கப் பிடிக்கும், பொய் சொல்லவில்லை. கண்ணாடியைப் பார்த்தேன். அதிலிருந்த என் முகம் அக்கா பக்கம் திரும்பவே இல்லை. அத்தையைப் பார்த்துக்கொண்டிருந்தது. எப்போது சாவாய் என்று கேட்கிற முகம்.

அதன்மேல் புடவையைப் போட்டு மூடினேன். "எடுத்துடும்மா, அதுலதான் எனக்கு வாசல் தெரியும்" என்றார் அத்தை. எடுத்தேன்.

ஜூன் 5, வியாழன்

எழுத்து கோணல்.

காலையில் அத்தைக்கு இட்லி பிசைந்து ஊட்டினேன். பிறகு பி.பி. மாத்திரை. நாக்கில் வைத்தேன், தண்ணீர் ஊற்றினேன், வாய் துடைத்தேன். நிச்சயம்.

கண்ணாடியில் அப்படி இல்லை. தண்ணீர் மட்டும் ஊற்றினேன். மாத்திரை என் உள்ளங்கையில். நடந்து போய் மேல் தட்டில் பாப்பாவின் பழைய பவுடர் டப்பாவில் போட்டு மூடினேன்.

டக் என்ற சத்தம் கேட்டபோது டப்பா என் கையில்தான் இருந்தது.

திறந்தேன். வெள்ளை மாத்திரைகள். இருபத்தாறு. மறுபடி எண்ணினேன். இருபத்தாறு.

எப்போது? ஒன்றுகூட ஞாபகம் இல்லை. ஞாபகம் இல்லை என்றுதான் எழுத வருகிறது.

திரும்பினால் அத்தை என்னையே பார்க்கிறார்.

"உங்களுக்குத் தெரியுமா, அத்த?"

வாய் ஒரு பக்கம் கோண, மெதுவாக: "தெரியும். கேட்டா சோறும் குடுக்கமாட்டியோன்னு இருந்துட்டேன்."



ஜூன் 6, வெள்ளி

விடிந்ததும் மாத்திரை கொடுத்தேன். அத்தை விழுங்கும்வரை கண்ணாடியைப் பார்த்தபடியே. அதிலும் விழுங்கினார்.

எங்கள் ஊர் நர்ஸம்மாவைக் கூப்பிட்டு பி.பி. பார்க்கச் சொன்னேன். இரண்டு தடவை பார்த்தது. "இது இங்க ஆவாது. திருப்பதிக்கு இட்டுக்கினு போயிடுங்க."

இவர் வந்ததும் டப்பாவைக் காட்டினேன். அடிப்பார் என்று நினைத்தேன். அடித்திருக்கலாம். கட்டில் விளிம்பில் உட்கார்ந்துவிட்டார்.

"போன மாசமே பாத்தேன்."

"பாத்துட்டு?"

"மூடி வச்சிட்டேன்."

"ஏங்க?"

கண்ணாடியைக் கைகாட்டினார். "அன்னிக்கு ஷேவ் பண்ணச்சொல்ல அதத்தான் காட்டிச்சி. நான் மூடி வெக்கறத."

எங்களுக்கு நடுவில் அத்தை கண்ணை மூடிக் கிடந்தார். தூங்கவில்லை.

ஜூன் 7, சனி. திருப்பதி ஆஸ்பத்திரி

பாப்பா எதிர்வீட்டில். வாடகை காரில் அத்தையின் தலை என் மடியில். அத்தை என் விரலை இறுக்கிப் பிடித்திருந்தார். பயத்திலா, வேறு எதிலா, தெரியவில்லை. பார்க்கக் கண்ணாடியும் இல்லை.

டாக்டர் ஊசி போட்டார். நல்ல வேளை, வந்துவிட்டீர்கள் என்றார். பி.பி. இறங்கத் தொடங்கிவிட்டதாம். இரண்டு நாள் இருக்க வேண்டும்.

வாங்க வேண்டியது: பிளாஸ்க், சோப்பு, அத்தைக்கு நைட்டி.

பிற்பகல் ஒரு நர்ஸ் ஃபைலோடு வந்தாள். "மாத்ரலு எவரு இஸ்துன்னாரு?" மாத்திரை யார் கொடுப்பது என்று. இவர் தரையைப் பார்த்தார்.

"நேனே," நான்தான் என்றேன்.

அத்தை முந்திக்கொண்டார். "நல்லாத்தான் பாத்துக்கும்மா. நாலு நாளு மறந்துட்சி, அவ்ளோதான்." சொல்லும்போது அவர் கண் நர்ஸ் மேல் இல்லை. என் மேல்.

நர்ஸ் எழுதத் தொடங்கினாள்.

"இல்ல," என்றேன். "மறக்கல."