மண்ணெண்ணெய் டின் கேடயம்

12 நவம்பர் 1926, வெள்ளி

விடியலிலிருந்து மழை. ரப்பர் மரத்தில் பால் வெட்டு இல்லை. கூலியாட்கள் குடியிருக்கும் லயத்துக் கூரைகளில் புகை. குடைக்கம்பி ஒன்று உடைந்தது. ஈப்போ டவுனுக்குப் போகும்போது கட்ட வேண்டும். முழங்கால் மூட்டுக்கு எண்ணெய்.

தீபாவளிக்குப் போட வேண்டிய நாடகம் மழையால் தள்ளிப் போனது. நாளை கட்டாயம் என்கிறார் காதர் நானா. சைக்கிளில் துணி மூட்டை கட்டித் தோட்டம் தோட்டமாக விற்பவர். நாடகம் எழுதுவதும் அவரே. போன வருஷம் ராமன் வேஷம் யாருக்கு என்று இரண்டு லயத்துக்காரர்கள் அடித்துக்கொண்டார்கள். அதனால் இந்த வருஷம் ஒரு நாட்டையே புதிதாக உண்டாக்கிவிட்டார். வெண்பாறை நாடு. எந்தப் புராணத்திலும் கிடையாது.

மத்தியானம் அந்த நாட்டு மந்திரப் பொருள்களைக் காட்டினார். மண்ணெண்ணெய் டின்னை வெட்டித் தட்டிய கேடயம், நாக்கில்லாத மணி, ரப்பர் பால் பிடிக்கும் கோப்பையில் செய்த விளக்கு. எல்லாவற்றிலும் எழுத்து. தமிழில்லை, மலாய்க்காரர்கள் எழுதும் ஜாவியில்லை, சீனமுமில்லை. தூண்டில் முள் போல ஒன்று, காது போல ஒன்று. ஆணியால் குத்தி, கரி தேய்த்து. வரிசை கோணவில்லை. இத்தனை வருஷம் பிள்ளைகளுக்கு எழுத்துப் போடச் சொல்லிக் கொடுத்தவன் நான். இவ்வளவு அழகான கை பார்த்ததில்லை.

"யாரு படிக்கப் போறாங்கன்னு இவ்வளவு மெனக்கெடுறீங்க, நானா?"

"யாரும் படிக்க மாட்டாங்க வாத்தியாரய்யா. ஆனா கிறுக்கலா இருந்தா தெரிஞ்சிரும்லா."

அந்த நாட்டு விதிதான் இன்னும் அழகு. பொருளில் உள்ள எழுத்தை உரக்கப் படிக்கிறவர், அது சொல்வதை முதலில் தாமே செய்ய வேண்டும். பிறகுதான் மற்றவர்களிடம் பலிக்கும். உதாரணம்: மணியில் 'தட்டு நிறைந்தவன் பாதியைக் கொடு' என்று இருக்கிறது. படித்த மந்திரி தன் சோற்றில் பாதியைக் கொடுத்தாக வேண்டும். ஆகவே வெண்பாறை நாட்டு மந்திரிகள் எல்லாரும் எழுத்துத் தெரியாதவர்கள் போல நடிக்கிறார்கள்! சிரித்ததில் மூட்டு வலி மறந்தது.

14 நவம்பர், ஞாயிறு

வானம் வெளுப்பு. தூக்கக் கலக்கம். நேற்றைய நாடகம் அருமை. நானாவே ராஜா, வேறு யாருக்கும் வசனம் நிற்கவில்லையாம். கடைசியில் கேடயத்தைப் படித்து, 'ஆயுதத்தைக் கீழே போடு' என்று தன் வாளை முதலில் போட்டார். எதிரியாக நின்றவன் தன் முறை வரும் முன்பே போட்டுவிட்டான். ஒருவரும் சிரிக்கவில்லை.

காலையில் அங்கம்மா வந்தாள். பால் வெட்டுகிறவள். மகள் பொன்னிக்கு ஆறு வயது. சில நாளாகக் குளிர்காய்ச்சல். நாடகத்தைக்கூடக் கம்பளிக்குள் சுருண்டுதான் பார்த்தது குழந்தை.

"வாத்தியாரய்யா, ராஜா கேடயத்தக் கொஞ்சம் வாங்கிக் குடுங்க. நீங்க கேட்டா நானா தருவாரு."

"எதுக்கும்மா?"

"புள்ளைக்குத்தான்."

தகட்டை நம்பி மருந்தை விட்டுவிட்டால்? போன மழைக்கு இதே லயத்தில் காய்ச்சலில் குழந்தைகள் போனது மறக்கவில்லை. தோட்டத்து ஆஸ்பத்திரியில் மருந்து கொடுக்கும் டிரசர் தந்த கொயினாத் தண்ணீர் போத்தலில் அப்படியே இருக்கிறதாம். கொசு, குட்டை, ரத்தம், மருந்து என்று உதாரணங்களோடு விளக்கினேன். பொறுமையாகக் கேட்டாள்.

"எல்லாம் சரிதாங்கய்யா. கேடயம் வாங்கித் தருவீங்களா?"

15 நவம்பர், திங்கள்

தூறல். நானாவிடம் சற்று எரிச்சலோடுதான் சொன்னேன். "அது வெறும் டின்னுன்னு நீங்களே வந்து சொல்லிருங்க."

அவர் மூட்டையை அவிழ்த்து ராஜா அங்கியை எடுத்து மாட்டிக்கொண்டார்.

அங்கம்மா வீட்டில் பொன்னி பாயில். முகத்தில் கண் மட்டும். அங்கம்மா கேடயத்தை வாங்கினாள். பின்பக்கம் எண்ணெய் டின்னின் கப்பல் படம், பாதி. அதை முந்தானையால் மூடி, எழுத்து மகளுக்குத் தெரியும்படி பிடித்தாள். என் பக்கம் திரும்பி, மெல்ல:

"டின்னுன்னு எனக்குத் தெரியாதாங்கய்யா? மருந்து ஊத்துனா துப்புறா. நான் சொன்னா கேக்க மாட்டா. ராஜா சொன்னா கேப்பா."

இவளுக்கா நேற்று கொசுவைப் பற்றிப் பேசினேன்!

நானா விரலை எழுத்தின்மேல் ஓட்டினார். "கசப்பைக் குடித்தவரை நெருப்புத் தொடாது. குடி!"

பொன்னி தலையைத் தூக்கினாள். "படிச்சவங்கதான் மொதல்ல செய்யணும்."

தம் விதியைத் தாமே மறந்திருந்தார் போல. அங்கம்மா சின்னக் கோப்பையில் ஊற்றி நீட்டினாள். ராஜா குடித்தார். கண்ணில் நீர் முட்டியது, முகம் அசையவில்லை. என்ன நடிகர்!

"கசக்குதா?"

"எங்க நாட்டுல இதாம்மா தேத்தண்ணி."

பொன்னி குடித்தாள். துப்பவில்லை. அங்கம்மா வெறும் கோப்பையையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

வெளியே வந்ததும் நானா வாழைமரத்தைப் பிடித்துக்கொண்டு குனிந்தார். "யா அல்லா! நாக்கு செத்துப் போச்சு வாத்தியாரய்யா. தேனுன்னு படிச்சிருக்கலாம்லா!"

17 நவம்பர், புதன்

வெயில். பாயைக் காயப்போட்டேன். குடை இன்னும் கட்டவில்லை.

பொன்னிக்குக் காய்ச்சல் இறங்கியிருக்கிறது. ஆனால் மருந்தை விட்டால் திரும்பும் என்கிறார் டிரசர். நானா காலையில் தாப்பா ஊர்ப் பக்கம் வியாபாரத்துக்குப் போய்விட்டார். கேடயத்தைக் குழந்தையிடமே விட்டிருக்கிறார். ராஜா இல்லாமல் குடிப்பாளா? நாளெல்லாம் இதே யோசனை.

சாயங்காலம் போனேன். சுவரில் சாய்ந்து உட்கார்ந்திருந்தாள், கேடயம் மடியில். விரலை எழுத்தின்மேல் ஓட்டினாள், நானா ஓட்டியது போலவே, வலமிருந்து இடமாக. அரபு எழுத்தைப் படிப்பது போல. அன்று பார்த்தும் அது எனக்கு உறைக்கவில்லை.

"என்ன போட்டிருக்கு, பொன்னி?"

"இன்னைக்கு வேற போட்டிருக்கு. இந்த வீட்டுல இருக்கிறவங்க எல்லாரும் குடிக்கணுமாம்."

அங்கம்மா சிரிப்பை அடக்க வாயைப் பொத்திக்கொண்டாள்.

படித்தவள் அல்லவா? கோப்பையைத் தானே முதலில் வாங்கினாள். ஒரே மடக்கு. முகம் அசையவில்லை. அடுத்து அம்மா. பிறகு கோப்பை என்னிடம் வந்தது.

குடித்தேன். முகத்தை அடக்க முடியவில்லை.

பொன்னி என்னை நன்றாகப் பார்த்தாள். "நீங்க ராஜாவா ஆக முடியாது வாத்தியாரே. மந்திரிதான்."