கிரகணத்தன்று வியாழன்

உழவனின் அருகில் இருக்கும் என் நண்பர் தாபியாவுக்கு, போர்சிப்பாவிலிருந்து ரிமூத் எழுதுவது. நபு தேவனும் மர்துக் தேவனும் உங்கள் வீட்டாருக்கு நலம் அருளட்டும். மாற்று அரசன் அரியணையில் இருக்கும்வரை மன்னரை உழவன் என்றே எழுத வேண்டும் என்பதால் அப்படி எழுதுகிறேன்.

நான் சொல்ல வருவதை மறந்துவிடாமல் இருக்க முதலிலேயே வரிசைப்படுத்திக்கொள்கிறேன்.

1. கிரகணம் நடந்த விதம்.
2. என் மகன் லபாஷி அரியணைக்குப் போன விதம்.
3. அன்று வியாழன் வானில் இருந்தது என்பதற்கான ஆதாரம்.
4. என் வேண்டுகோள்.

முதலாவது. நான்காம் மாதத்தின் நடுவில், விடியலுக்கு முந்திய காவல் வேளையில் சந்திரன் மறைந்தது. சந்திரவட்டத்தில் நம் நாட்டுக்குரிய பக்கத்தில்தான் இருள் முதலில் ஏறியது. கிழக்கே செம்புழுதி சுவர்போல் நின்றது. நான் அனுப்பிய அறிக்கையில் ‘வியாழன் இல்லை’ என்று எழுதினேன். ‘புழுதி, நான் பார்க்கவில்லை’ என்றல்லவா எழுதியிருக்க வேண்டும்? வானம் பார்க்கும் நம் வேலையில் இரண்டும் ஒன்றல்ல. கிரகணத்தின்போது வியாழன் துணை நின்றால் மன்னருக்கு ஆபத்தில்லை, மாற்று அரசன் தேவையில்லை. இல்லையென்றால் அந்தக் கேட்டை ஏற்றுச் சாக, மன்னருக்குப் பதில் ஒருவனை அரியணையில் உட்கார வைத்தே ஆக வேண்டும். மன்னர் இருக்கும் நினிவேயில் அன்று மேகம் என்று கேள்விப்பட்டேன். ஆகவே என் சொல்லைத்தான் நம்பினார்கள்.

இரண்டாவது. அறிக்கையை இங்குள்ள அரண்மனைக்குக் கொண்டுபோனவன் லபாஷி. என் முழங்கால் படியேற ஒத்துழைக்கவில்லை. தேவைப்பட்டால் மாற்று அரசனாக்க அவர்கள் முன்கூட்டியே பிடித்து வைத்திருந்த தோட்டக்காரக் கைதி முந்தின நாள் சுவரேறி ஓடிவிட்டானாம். வாசலில் நின்ற மேலாளர் இவனை ஏற இறங்கப் பார்த்து, “ஆளு நல்லா வாட்டசாட்டமா இருக்கானே! அங்கி கச்சிதமா பொருந்தும்” என்றாராம். இவன் கேலி என்று நினைத்து, “கிரீடமும் குடுத்தீங்கன்னா வீட்டுக்குப் போட்டுட்டுப் போயிருவேன், ஐயா” என்று சிரித்திருக்கிறான். உங்களுக்குத்தான் தெரியுமே, அவனுக்கு எங்கே வாயை மூட வேண்டும் என்று தெரியாது. அதைச் சம்மதமாக எழுதிக்கொண்டார்கள்.

ஒரு பெண்ணையும் அரசியாக்கி அவன் பக்கத்தில் உட்கார வைத்திருக்கிறார்கள். என் மருமகள் ஹிப்தா நாள்தோறும் அரண்மனைச் சுவரோரம் போய் நிற்கிறாள். “எம் புருஷன் பக்கத்துல எவளோ உக்காந்திருக்கா மாமா. அவ மேல கோவம்கூட வரமாட்டேங்குது. அவளும் செத்துருவாள்ல?” என்று கேட்டாள். மதுக்கடைக்காரி என்னைக் கண்டால், “என்ன ராஜாவோட அப்பா, நிசமான ராஜா அங்க வெங்காயத்துக்குத் தண்ணி பாய்ச்சுறாராமே!” என்று கூவுகிறாள். அவளுக்கு விளையாட்டு. மாதம் முடிந்ததும் என்ன நடக்கும் என்று அவளுக்குத் தெரியாது. உங்களுக்கும் எனக்கும் தெரியும். ‘மாற்று அரசர் தம் விதியை அடைந்தார், அரச மரியாதையுடன் அடக்கம் செய்தோம்’ என்று நாம் இருவருமே எழுதியிருக்கிறோம். அப்போதெல்லாம் அது எனக்கு ஓர் அழகான வாக்கியமாக இருந்தது.

மூன்றாவது. வியாழன் எழுபத்தோராவது ஆண்டில் அதே நாளில் அதே இடத்துக்குத் திரும்பும். எழுபத்தோராண்டுக்கு முந்திய களிமண் பலகையைக் கோயிலில் தேடி எடுத்தேன். அதில், நான்காம் மாதத் தொடக்கத்தில் வியாழன் சூரிய ஒளியின் மறைவை விட்டு வெளிவந்து கிழக்கே முதன்முதலாகத் தெரிந்தது என்று இருக்கிறது. நம் கிரகணமோ அதே மாதத்தின் நடுவில். ஆகவே அன்று வியாழன் புழுதிக்குப் பின்னால் இருந்திருக்க வேண்டும். கண் பார்க்காததைக் கணக்கு பார்த்துவிட்டது. இதை நான் தைரியமாகச் சொல்கிறேன். என் வாழ்நாளில் தைரியமாகச் சொன்னவை அதிகமில்லை.

நான்காவது. இந்தக் கணக்கை உழவனுக்கு வாசித்துக் காட்டுங்கள். பிழை என்னுடையது என்றே சொல்லுங்கள். தண்டனையை எனக்குத் தரட்டும். அரியணைக்கு ஆள்தான் வேண்டுமென்றால் நான் உட்காருகிறேன். அங்கி தொளதொளவென்று இருக்கும், அவ்வளவுதானே?

இதுவரை நேற்று எழுதினேன். பலகையின் களிமண் காயாதிருக்க ஈரத்துணியால் மூடிவிட்டுப் படுத்தேன். விடியலில் புழுதி அடங்கியிருந்தது. சுவரைப் பிடித்துக்கொண்டு மொட்டைமாடிக்கு ஏறினேன். கிழக்கே வியாழன் தெரிந்தது. இறங்கி வந்தபோது ஹிப்தா படியடியில் நின்றாள். “தெரிஞ்சுதா மாமா?” என்றாள். தெரிந்தது என்றேன். அவள் என் காலைக் கட்டிக்கொண்டு அழுதாள். பிறகு, அவன் திரும்பி வந்தால் தின்னக் கேட்பான் என்று பேரீச்சம்பழ அடை தட்ட உட்கார்ந்துவிட்டாள். மாவு பிசையும் சத்தம் எனக்குக் கேட்டுக்கொண்டிருக்கிறது.

தாபியா, உங்கள் பிள்ளைகள் உங்கள் கண்ணெதிரே மூப்படையட்டும். உங்களால் முடிந்ததைச் செய்யுங்கள்.

பலகையில் இடம் தீர்ந்ததால் இதை ஓரத்தில் எழுதுகிறேன். ஓரம் மெலிந்திருக்கிறது. கோவேறு கழுதைகள் குலுங்கி ஓடும் வழியில் ஓரம் உடைந்த பலகைகள் உங்களிடம் எத்தனையோ வந்திருக்கும். அவற்றில் உடையாத வரிகளைத்தான் வாசித்துக் காட்டுவீர்கள் என்பதை அறிவேன். மூன்றாவதாக நான் எழுதியது தவறு. இன்று கண்ட வியாழன் அடிவானத்தை ஒட்டி, இப்போதுதான் பிறந்ததுபோல் மங்கலாக இருந்தது. கிரகணத்துக்கு முன்பே வெளிவந்திருந்தால் இதற்குள் உயரே ஏறியிருக்கும். மறுபடி பழைய பலகையைப் பார்த்தேன். அந்த ஆண்டின் தொடக்கத்துக்கு முன், பருவத்தோடு ஒத்துப்போக ஒரு மிகை மாதம் சேர்த்திருக்கிறார்கள்; நான் அதைக் கணக்கில் எடுக்கவில்லை. அவர்களுடைய நான்காம் மாதம் நமக்கு ஐந்தாம் மாதம். கிரகணத்தன்று வியாழன் வானில் இல்லை.