மூன்று என்று எழுதிய அறுபது ஞாயிறுகள்

அனுப்புநர்:
செல்வி ரூத் பவளம் இராசையா,
ஓய்வுபெற்ற தையல் ஆசிரியை, கோவில் உக்கிராணக்காரர்,
மெதடிஸ்த சிற்றாலயம்,
கண்டக்குழி.

பெறுநர்:
முகாமைக்குரு அவர்கள்,
சேகர மிஷன் வீடு,
சிலாபம்.

விடயம்: கண்டக்குழிக் கோவிலைப் பூட்டும் தீர்மானத்தை நிறுத்தி வைக்குமாறு கோரலும், அத்தீர்மானத்துக்குக் காரணமான பிழையான பதிவை எழுதியவர்மீது முறைப்பாடும்.

கனம் ஐயா அவர்களுக்கு,

1. தங்களது 1992 தை 14ஆம் திகதிய கடிதம் கிடைத்தது. ஆராதனைப் பதிவேட்டின்படி கடந்த பதினான்கு மாதங்களாக எமது கோவிலில் ஞாயிறுதோறும் மூவரே கூடுகின்றனர் என்றும், மூவருக்காக இந்தக் காலத்தில் ஒரு போதகரைச் சோதனைச் சாவடிகள் தாண்டி அனுப்ப முடியாதென்றும், ஆகவே வரும் பங்குனி முதலாம் திகதி கோவிலைப் பூட்டி மணியையும் நாங்கள் உட்காரும் வாங்குகளையும் சிலாபத்துக்கு எடுத்துச் செல்வதென்றும் தாங்கள் அறிவித்துள்ளீர்கள். தங்கள் பேரில் ஒரு குற்றமும் இல்லை. பதிவேட்டில் அப்படித்தான் இருக்கிறது. பிழை பதிவேட்டில்.

2. அந்த மூவர் யாரென்று தெரிவிக்கிறேன். ஒன்று நான். அடுத்தவர் மணி அடிக்கும் திரு. அன்ரனிப்பிள்ளை. பிறப்பால் கத்தோலிக்கர், கலியாணத்தால் மெதடிஸ்தர், மனைவி காலமான பின்பும் திரும்பிப் போகாதவர். மூன்றாமவர் திருமதி சின்னாச்சி. அவருக்குக் காது மந்தம், எந்தப் பாட்டையும் எங்களுக்கு ஒரு வரி பின்னால்தான் பாடுவார். அவர் முடிக்கும்வரை நாங்கள் இருவரும் புத்தகத்தை மூடாமல் நிற்போம்.

3. ஒரு காலத்தில் இங்கே அறுபது குடும்பங்கள் இருந்தன. எண்பத்துமூன்று ஆடிக் கலவரத்துக்குப் பிறகு சிலர் வெளிநாடு போனார்கள். கடலில் தொழிலுக்குத் தடை வந்ததும் இன்னும் சிலர் போனார்கள். மிச்சப்பேர் சிலாபத்தில் மேளமும் மின்சாரக் கித்தாரும் வைத்து நடக்கும் ஒரு செபக்கூடத்துக்குப் போனார்கள். நான் யாரையும் குறை சொல்லவில்லை என்று எழுதத்தான் ஆசை. ஆனால் சொன்னேன் ஐயா, வருடக்கணக்காகச் சொன்னேன். எண்பத்தாறில் என் சொந்தத் தங்கை கத்தரினாவும் புருஷன் பிள்ளைகளோடு போனாள். போகும்போது எங்கள் தகப்பனார் எங்கள் இருவர் பெயரிலும் வாங்கிக் கோவிலில் வைத்த ஆர்மோனியத்தையும் தூக்கிக்கொண்டு போனாள். அன்றிலிருந்து இங்கே ஆளுக்கொரு சுருதியில் பாடினோம்.

4. அடுத்து எழுதப்போவது ஒரு மனுவில் எழுதத் தகாதது. எனினும் இதை விட்டால் பின்னால் வருவது விளங்காது. 1989 ஆவணியில், சோளகக் காற்று அடிக்கும் ஒரு ஞாயிறு காலை, மற்ற இருவரும் காய்ச்சலில் கிடந்தபடியால் நான் தனியே ஆராதனை நடத்தினேன். எனக்கு நானே பாட்டின் எண்ணை அறிவித்தேன். பிரசங்கத்தை எனக்கு நானே வாசித்தேன், வாசித்துக்கொண்டே தூங்கியும் விட்டேன். தூக்கத்தில் கடல் கோவிலுக்குள் வந்தது. சத்தமே இல்லை. களப்பு நீர் போலத் தெளிந்து, ஜன்னல் மட்டத்துக்கு ஏறி நின்றது. வாங்குகள் ஒவ்வொன்றாக நிலத்தை விட்டுக் கிளம்பி மிதந்தன. போனவர்கள் எல்லோரும் அதில் இருந்தார்கள், தங்கள் தங்கள் பழைய இடத்தில். பாமாலைப் புத்தகங்களால் மெல்லத் துடுப்புப் போட்டு, என்னைச் சுற்றிச் சுற்றி வந்தார்கள். விழித்துப் பார்த்தால் கதவு திறந்து கிடக்கிறது, காற்று கொண்டுவந்த மணல் என் கணுக்கால் வரை நிற்கிறது. அப்படியே உட்கார்ந்து அழுதேன் என்பதையும் தெரிவித்துக்கொள்கிறேன்.

5. அடுத்த வருடம் மழை மாதத்தில் ஒரு காலை அன்ரனிப்பிள்ளை நேரம் தவறி மணி அடித்தார். ஓடிப்போய்ப் பார்த்தேன். கரை முழுக்கப் படகுகள். மன்னார்ப் பக்கத்திலிருந்து, வீடு வாசலை விட்டுப் போகச் சொல்லி விரட்டப்பட்ட முஸ்லிம் சனங்கள். மழைத் திரைக்குள்ளிருந்து ஒவ்வொருவராக வெளிப்பட்டு நடந்து வந்தார்கள். முதலில் உள்ளே வந்தவர் ஜுனைதா என்ற இளம் தாய். இடப்பக்கம் மூன்றாவது வாங்கில், சரியாக என் தங்கையின் இடத்தில், குழந்தையோடு உட்கார்ந்தார். மற்ற வாங்குகளும் நிரம்பின. எனக்குப் பழைய கனவு தொடர்வதாகவே பட்டது. போய் அவருடைய சட்டைக் கையைத் தொட்டேன், என் விரலில் தண்ணீர் சொட்டியது. கனவில் கை நனைவதில்லை ஐயா.

6. பதினொரு நாட்கள் அவர்கள் கோவிலுக்குள் தங்கினார்கள். பின்பு பக்கத்துத் தென்னந்தோட்டத்தில் ஓலைக் குடிசைகள் போட்டு, தொழுவதற்கும் ஓர் ஓலைக் கொட்டில் கட்டிக்கொண்டார்கள். அவர்களது மார்க்கம் அவர்களுக்கு, அவர்களை நான் எமது கணக்கில் சேர்க்கவில்லை, சேர்க்கவும் கூடாது. ஆனால் கிழமை நாட்களில் அவர்களுடைய நாற்பத்தேழு பிள்ளைகள் எமது வாங்குகளில் இருந்து படிக்கிறார்கள். பள்ளிக்கூடத்தில் இடம் இல்லாதபடியால் நான் சொல்லிக் கொடுக்கிறேன். கோவில் வாசலில் மணல் ஏறுவது நின்று போயிற்று. அத்தனை கால்கள் மிதிக்கும் இடத்தில் மணல் தங்காது.

7. சனங்கள் வந்து இறங்கிய மூன்றாம் நாள், சிலாபம் பஸ்ஸிலிருந்து கத்தரினா இறங்கினாள். இரண்டு சாக்கு நிறையப் பேக்கரிப் பாண். பாணைப் பங்கிட்டாள், ஞாயிறு ஆராதனைக்கும் நின்று பின் வாங்கில் இருந்தாள். அடுத்த கிழமையும் வந்தாள், புருஷன் பிள்ளைகளையும் கூட்டிக்கொண்டு. பிறகு கஞ்சி காய்ச்ச என்று வந்த, முன்பு விட்டுப்போன மற்றக் குடும்பங்களும் ஆராதனைக்கு நின்றன. ஒருநாள் ஆர்மோனியம் பஸ் கூரையில் வந்தது. வழியில் ஆமிக்காரர் பெட்டிக்குள் என்ன என்று கேட்க, அவள் நடு றோட்டில் குந்தியிருந்து ஒரு பாமாலை முழுவதையும் வாசித்துக் காட்டினாளாம். அன்று முதல் நாங்கள் ஒரே சுருதியில் பாடுகிறோம். சின்னாச்சி மட்டும் இன்னும் ஒரு வரி பின்னால்தான்.

8. இனி முறைப்பாட்டுக்கு வருகிறேன். பதிவேட்டில் உள்ள கட்டத்தின் தலைப்பு 'அங்கத்தவர்' என்பதாகும். அங்கத்துவச் சீட்டு உள்ளவரை மட்டும் அதில் எழுதுவது எமது ஒழுங்கு. விட்டுப் போனவர்களின் சீட்டுகள் இரத்தாகிவிட்டன. ஆகவே முன் வாங்குகள் எல்லாம் நிரம்பிய ஞாயிறுகளிலும் நான் மூன்று என்றே எழுதினேன். அறுபது ஞாயிறுகள், அறுபது மூன்றுகள். முப்பத்துமூன்று வருடம் வகுப்பில் வரவு எடுத்தவள் நான், எனக்கு எண்ணத் தெரியாமல் இல்லை. ஒழுங்கின்படிதான் எழுதினேன் என்று சாதிக்கலாம். அது பொய். போதகர் வந்துபோக முடியாத இந்தக் காலத்தில் தங்களுக்கு ஒரு வார்த்தை எழுதிச் சொல்லியிருந்தால் அவர்களுக்குப் புதிய சீட்டுக் கிடைத்திருக்கும். நான் சொல்லவில்லை. எனக்குக் கோபம். போனவர்கள் போனவர்கள்தான், வந்து உட்கார்ந்தவுடன் வந்ததாகிவிடுமா என்ற கோபம். இந்தப் பதினான்கு மாதத்தில் என் தங்கையோடு நான் பேசியதெல்லாம் பாட்டின் எண்கள் மட்டுமே. எண்ணைச் சொல்வேன், அவள் வாசிப்பாள்.

9. தங்களது கடிதத்தை வழமைப்படி கடந்த ஞாயிறு ஆராதனை முடிவில் வாசித்தேன். மூவர் என்ற இடம் வந்ததும் ஆர்மோனியத்தின் பின்னாலிருந்து கத்தரினா கேட்டதை அவளுடைய சொல்லிலேயே எழுதுகிறேன்: "அக்கா, அப்ப நாங்கள் ஒருத்தரும் இங்க இல்லையோ?" கோபமாகக் கேட்டிருந்தால் பதில் சொல்லியிருப்பேன். அவள் மெதுவாகத்தான் கேட்டாள். வாசலில் பிள்ளையோடு நின்ற ஜுனைதா, "என்ன டீச்சர் நீங்க, எங்கட புள்ளையளுக்குக் கூட்டல் சொல்லிக் குடுக்கிறீங்க, உங்கட ஆக்கள எண்ணத் தெரியல்லையே!" என்றார். எல்லோரும் சிரித்தார்கள், நானும் சிரித்தேன், சிரித்தபடியே கண் நிறைந்துவிட்டது. அப்போது வெயில் ஜன்னலால் வந்து தரையில் தண்ணீர் போல அசைந்தது. வாங்குகள் நிலத்தில்தான் நின்றன. பார்த்தேன், எல்லோரும் இருந்தார்கள். முதன்முறையாக எண்ணினேன். முப்பத்துநான்கு.

10. ஆகவே ஐயா அவர்களை மிகத் தாழ்மையுடன் கேட்டுக்கொள்வதாவது: பங்குனி முதலாம் திகதி பூட்டோடு ஒருவரை அனுப்பாமல், அதற்கு முன் ஒரு ஞாயிறு தாங்களே வந்து எண்ணிப் பார்க்க வேண்டும். சீட்டு இல்லாத முப்பத்தொரு பேருக்கும் தங்கள் கையாலேயே சீட்டு வழங்க வேண்டும். பிழையான பதிவை எழுதியவள் என்ற முறையில் உக்கிராணக்காரர் பதவியிலிருந்து என்னை நீக்கி, கோவில் பூட்டின் திறப்பை என் தங்கை கத்தரினாவிடம் ஒப்படைக்க வேண்டும். இதை நான் மனமுவந்தே எழுதுகிறேன். அவளிடம் இன்னும் சொல்லவில்லை. வரும் ஞாயிறு பாட்டின் எண்ணுக்குப் பிறகு சொல்லலாம் என்றிருக்கிறேன்.

தண்டனையாக எனது சீட்டையும் இரத்துச் செய்வதென்றால் அதற்கும் மறுப்பில்லை, நான் பின் வாங்கில் இருந்துகொள்வேன். கோவிலைப் பூட்ட வேண்டாம். தாங்கள் வந்து எண்ணும்போது என்னை விட்டுவிட்டு எண்ணுங்கள் ஐயா. அப்போதும் முப்பத்துமூன்று பேர் இருப்பார்கள்.

பதிவேடு இத்துடன் இணைக்கப்பட்டுள்ளது. கடைசிப் பக்கத்தில் உள்ள முப்பத்துநான்கு என்னுடைய கையெழுத்தே. அதன் பக்கத்தில் மை கலங்கியிருப்பது மழையினால் அல்ல.

தங்கள் பதிலுக்காகக் கதவைத் திறந்து வைத்திருக்கும்,
ரூத் பவளம் இராசையா
(ஒப்பம்)

இடம்: கண்டக்குழி
திகதி: 1992 தை 23