நேராக நடந்துவிட்டேன்

செவ்வாய்க்கிழமை, இரவு

பஸ் மோதிய காலுக்குத் தந்த நட்டஈடு அடுத்த ஒப்பரேஷனுக்கே போதாது. கூட்டித் தரும்படி மேன்முறையீடு செய்திருந்தோம். அதற்காக இன்று மாத்தளையில் ஒரு டாக்டர் என்னை நடந்து காட்டச் சொன்னார். அறை நிறைய ஆண்கள். நொண்டினால் நாளைக்கு எவன் கல்யாணம் கட்டுவான் என்று அம்மா வீட்டில் பழக்கியபடியே, பல்லைக் கடித்துக்கொண்டு நேராக நடந்துவிட்டேன்.

"நல்லா நடக்கிறீங்களே தங்கச்சி! வலி இருக்கா?"

தலை தானாக இல்லையென்று ஆடியது. அவர் அதை எழுதிக்கொண்டார்.

கலேவெலவுக்குத் திரும்பும் பஸ்ஸில் அம்மா அழுதார். "அங்கயாவது நொண்டியிருக்கக் கூடாதா புள்ள? இனி ஒப்பரேஷனுக்கு எங்க போறது?"



இறங்கி வரும்போது பக்கத்து வீட்டு அக்கா எதிரே வந்தார். அம்மா கண்ணைத் துடைத்துக்கொண்டு என் கையைக் கிள்ளினார். நான் மறுபடியும் நேராக நடந்தேன்.